தலைகீழ்ப் பெட்டி

வீட்டில் அவளுக்குச் சில்வண்டு என்று பெயர். காலையில் கண் திறக்கும்போது திறக்கும் வாய், மறுபடி தூங்கினால்தான் மூடும். ஒருநாள் மாமா பொறுக்க முடியாமல் காதில் பஞ்சை அடைத்துக்கொண்டு படகில் ஏறினார். அதைப் பார்த்துவிட்டு, "மாமா, அது மருந்துக்கடைப் பஞ்சா, தலையணைப் பஞ்சா?" என்று கேட்டாள் அவள்.

படகு அம்மாவுடையது. அம்மா ஓட்டுவாள். அம்மாவின் தம்பியான மாமா தூண்டில் கயிற்றைப் பார்த்துக்கொள்வார். பள்ளிக்கூடம் இல்லாத சனிக்கிழமைகளில் சில்வண்டும் போவாள். சும்மா வேடிக்கை பார்க்க இல்லை. அவளுக்கென்று ஒரு வேலை இருந்தது. அந்த வேலைக்கென்று ஒரு கோணி ஊசியும் இருந்தது.

அது என்ன வேலை என்று சொல்வதற்கு முன்னால் அந்த மீனைப் பற்றிச் சொல்லியாக வேண்டும்.

கரையிலிருந்து இரண்டு மணி நேரம் போனால் கடலுக்கு அடியில் ஒரு பெரிய பாறைத்திட்டு இருக்கிறது. நாற்பது பாகம் ஆழம். இரண்டு கைகளையும் விரித்தால் இந்த விரல் நுனியிலிருந்து அந்த விரல் நுனிவரை ஒரு பாகம். அப்படி நாற்பது ஆள் கை விரிக்க வேண்டும். அவ்வளவு கீழே, அரை இருட்டில், பாறை இடுக்குகளில் பாறைமீன் வாழ்கிறது. செம்மஞ்சள் உடம்பு, மஞ்சள் கண், முதுகெல்லாம் விஷ முள். யாரோ காலையிலேயே திட்டிவிட்டதுபோல் வாய் எப்போதும் தொங்கிக் கிடக்கும். ஊர் சுற்றும் பழக்கம் அதற்கு இல்லை. சின்ன வயதில் ஓர் இடுக்கைப் பிடித்துக்கொண்டால் சாகும்வரை அந்தப் பக்கத்திலேயே இருக்கும்.

அதனால்தான் அதைப் பிடிப்பது சுலபமாக இருந்தது. ஒரு காலத்தில் படகு படகாக அள்ளினார்கள். அள்ளிக்கொண்டே இருந்தால் என்ன ஆகும்? பாறை காலியாகிவிட்டது. இப்போது பாறைமீனைப் பிடிக்கக் கூடாது என்று சட்டம். வேறு மீனுக்குப் போட்ட தூண்டிலில் தப்பித்தவறி மாட்டினாலும் உடனே கடலில் விட்டுவிட வேண்டும்.

ஆனால் விட்டால் அது போகாது. கொடுமையே அங்கேதான் இருந்தது.

நாற்பது பாகம் ஆழத்தில் கடலின் பாரம் மீனை எல்லாப் பக்கமும் அமுக்கிக்கொண்டே இருக்கும். தூண்டில் அதைச் சரசரவென்று மேலே இழுத்தால் அந்தப் பாரம் போய்விடும். மீனுக்குள் இருக்கும் காற்று விரிந்து பெருகும். கண்கள் இரண்டும் பிதுங்கும். வாய்க்குள்ளிருந்து இளஞ்சிவப்பாக ஒரு பை வெளியே தள்ளும். அந்த மீனைத் தண்ணீரில் விட்டால் வயிறு மேலே பார்க்க மிதக்கும். உயிரோடுதான் மிதக்கும். கடற்காகங்கள் வந்து கண்ணிலிருந்து ஆரம்பிக்கும்.

"அந்தப் பைக்குள்ள காத்து அடைச்சிருக்கு. ஒரு குத்து குத்தினா காத்து இறங்கிடும், மீன் பொழைச்சுக்கும்" என்று துறைமுகத்தில் எல்லோரும் சொன்னார்கள். யார் முதலில் சொன்னது என்று யாருக்கும் தெரியாது. எல்லாப் படகிலும் இதற்காக ஒரு சைக்கிள் சக்கரக் கம்பியைக் கூராகத் தேய்த்து வைத்திருந்தார்கள். அம்மாவின் படகில் மட்டும் கோணி ஊசி. அதன் முனை மூன்று பட்டையாக இருக்கும்.

அந்த ஊசி சில்வண்டின் கையில்தான் இருக்கும். அவள் கை நடுங்காது. முள் குத்தாமல் ஈரத்துணியால் மீனைப் பிடித்து, பையை ஒரே குத்தாகக் குத்தி, தண்ணீரில் விடுவாள். மீன் தள்ளாடிக்கொண்டே கீழே இறங்கி மறையும். உடனே படகின் உள்பக்கப் பலகையில் ஆணியால் ஒரு கோடு கீறுவாள். இதுவரை நாற்பத்தொரு கோடுகள்.

"டாக்டரம்மா, இன்னிக்கு எத்தனை பேரு பொழைச்சாங்க?" என்று பக்கத்துப் படகுக்காரர்கள் கத்திக் கேட்பார்கள். கேட்கும்போது அவளுக்குக் கால் தரையில் நிற்காது.

ஒரு திங்கட்கிழமை பள்ளி விட்டதும் அவள் நேராக அப்பாவின் மீன் ஆய்வு அறைக்குப் போனாள். அப்பாவுக்குக் கடலென்றாலே குமட்டும். கட்டிப் போட்ட படகில் நின்றால்கூட வாந்தி எடுப்பார். ஆனால் நாள் முழுக்க மீனை அளப்பதும் அறுப்பதும்தான் அவர் பிழைப்பு. நீளமான இரும்பு மேசை, தராசு, கத்திகள், ஒரு நுண்ணோக்கி, கழுவக் கழுவப் போகாத நாற்றம். சில்வண்டு கணக்குப் போடுவதெல்லாம் அந்த மேசையின் ஓரத்தில்தான்.

அன்று மேசையில் ஆறு பாறைமீன்கள் கிடந்தன.

"ரோந்துப் படகுல கொண்டு வந்தாங்க. எல்லாம் செத்து மிதந்ததாம்" என்றார் அப்பா.

ஒரு மீனின் தலைக்குள் இடுக்கியை விட்டு, நகத்தளவு வெள்ளைக் கல் ஒன்றை எடுத்தார். அது காதுக்கல். மரத்துக்குள் வளையம் இருப்பதுபோல் அதற்குள்ளும் வருஷத்துக்கு ஒரு வளையம் இருக்கும். அப்பா கல்லை இரண்டாக உடைத்தார். வளையம் தெளிவாகத் தெரிவதற்காக அதைத் தீயில் லேசாகக் காட்டினார். பிறகு நுண்ணோக்கியில் வைத்து, உதடு அசைய அசைய எண்ணினார்.

"அறுபத்து மூணு."

"அறுபத்து மூணு வயசா! உங்க வயசையும் அம்மா வயசையும் கூட்டினாத்தான் வரும்!"

"அம்மா வயசை வெளில சொல்லாதே. எனக்குச் சாப்பாடு கிடைக்காது" என்றார் அப்பா. பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு, மீனின் வாயில் தொங்கிய பையை விரலால் தூக்கிப் பார்த்தார். "ஓ… இங்க பாரு. எல்லாத்துலயும் ஓட்டை."

"காத்துப் பைதானே அது? குத்தினாத்தான் காத்து போகும்" என்றாள் சில்வண்டு.

"யாரு சொன்னா? இது இரைப்பை. வயிறு. காத்துப் பை உள்ள இருக்கு, முதுகெலும்பை ஒட்டி." அப்பா கத்தியால் திறந்து காட்டினார். "அது ஊதிப் பெருத்து இரைப்பையை வாய் வழியா வெளிய தள்ளிடுது. இவங்க அதைப் போய்க் குத்தியிருக்காங்க. வயித்துல ஓட்டையோட எத்தனை நாள் இருக்க முடியும்? ரெண்டு நாள், மூணு நாள். கீழ போய்க் கிடந்து செத்து, அப்புறம் மேல மிதந்து வந்திருக்கு."

சில்வண்டு மற்ற மீன்களின் வாயையும் ஒவ்வொன்றாகப் பார்த்தாள்.

அப்பா கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு இன்னும் கிட்டே குனிந்தார். "நாலு மீன்ல ஓட்டை வட்டமா இருக்கு. ரெண்டுல மட்டும் முக்கோணமா இருக்கு. வேடிக்கையா இல்ல?"

நோட்டை எடுத்து, முக்கோணம், இரண்டு என்று எழுதிக்கொண்டார்.

அந்த முக்கோணத்தைச் சில்வண்டுக்குத் தெரியும். இந்தத் துறைமுகத்தில் மூன்று பட்டை ஊசி ஒன்றே ஒன்றுதான்.

"பாவம், நல்லது செய்றோம்னு நெனச்சுத்தான் குத்தியிருப்பாங்க" என்றார் அப்பா. "நான் சாயங்காலம் இதையெல்லாம் எடுத்துக்கிட்டுத் தலைமை ஆபீசுக்குப் போறேன். வர எட்டு நாள் ஆகும். அம்மாகிட்டயும் மாமாகிட்டயும் நீ சொல்லிடு, இனிமே குத்த வேண்டாம்னு. மறக்காம சொல்லணும்."

"குத்தலைன்னா மீன் பொழைக்குமா?"

"பொழைக்காது. மிதக்குதே, கடற்காகம் விடுமா? ஆழத்துக்குப் போய்ச் சேர்ந்துட்டா கடல் அமுக்கி எல்லாம் தானா உள்ள போயிடும். கண்ணுகூடச் சரியாயிடும். ஆனா அதால போக முடியலையே."

அப்பா சாயங்காலம் கிளம்பிப் போனார். சில்வண்டு சொல்லவில்லை.

மறக்கவில்லை. நாலு தடவை சொல்லப் போனாள். ஒருமுறை அம்மா இயந்திரத்துக்கு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்தாள். ஒருமுறை மாமா சாப்பிட்டுக்கொண்டிருந்தார். மற்ற இரண்டு முறையும் எந்தத் தடங்கலும் இல்லை. வாய்தான் வரவில்லை. குத்த வேண்டாம் என்று சொன்னால், ஏன் என்று கேட்பார்கள். ஏன் என்று சொன்னால், அந்த நாற்பத்தொரு கோடும் என்ன என்று ஆகிவிடும். டாக்டரம்மா, டாக்டரம்மா என்று கூப்பிட்டார்களே, அவள் அத்தனையையும் கொன்றிருக்கிறாள். அறுபது வருஷம் ஒரே பாறையில் இருந்த உயிரை, சிரித்துக்கொண்டே, ஒரே குத்தில்.

அந்த வாரம் வீடு அமைதியாக இருந்தது. அம்மா இரண்டு தடவை அவள் நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள்.

"நம்ம வண்டுக்கு யாரோ பூட்டுப் போட்டுட்டாங்க. சாவி எங்கேன்னு தேடுங்க" என்றார் மாமா. யாரும் சிரிக்கவில்லை.

வெள்ளிக்கிழமை குளிக்கப் போனவள் வாளிக்கு முன்னால் உட்கார்ந்தே இருந்தாள். தண்ணீரில் சோப்பு டப்பாவின் மூடி மிதந்தது. விரலால் அமுக்கினாள். விரலை எடுத்ததும் மேலே வந்தது. மறுபடி அமுக்கினாள், மறுபடி வந்தது. பாறைமீனும் இப்படித்தான் என்று நினைத்தபோது அழுகை வந்தது. அழுதுகொண்டே குவளையைத் தலைகீழாகப் பிடித்து மூடியின்மேல் கவிழ்த்து, வாளியின் அடிவரை அமுக்கினாள்.

மூடி குவளைக்குள்ளேயே அடியில் நின்றது. மேலே வரத் துடித்தது, ஆனால் குவளை விடவில்லை.

அழுகை நின்றுவிட்டது. அதால் போக முடியவில்லை என்றார் அப்பா. நாம் கொண்டுபோய் விட்டால்?

மறுநாள் சனிக்கிழமை. படகு பாறைத்திட்டுக்கு மேலே நின்றது. வானம் சாம்பல் நிறத்தில் இருந்தது. இன்று எல்லாவற்றையும் சொல்லிவிட வேண்டும் என்று சில்வண்டு நினைத்தாள். நினைத்துக்கொண்டே தூண்டில் முள்ளைத் துடைத்தாள். இதோ இந்த முள்ளைத் துடைத்ததும் சொல்லலாம். இல்லை, அடுத்த முள்.

அதற்குள் ஒரு சின்னப் பாறைமீன் மேலே வந்துவிட்டது.

"டாக்டரம்மா!" என்று கூப்பிட்டார் மாமா. அவள் அசையவில்லை. "டாக்டரம்மா தூக்கத்துல இருக்காங்க போல. சரி, கம்பவுண்டர் நான் பார்த்துக்கறேன்."

அவள் வாயைத் திறப்பதற்குள், கொக்கியில் மாட்டியிருந்த ஊசியை எடுத்துக் குத்திவிட்டார். மீனைத் தண்ணீரில் போட்டார். அது தள்ளாடிக்கொண்டே இறங்கியது. மாமா மகிழ்ச்சியோடு ஆணியை எடுத்துப் பலகையில் நாற்பத்திரண்டாவது கோட்டைக் கீறினார்.

நேற்றே சொல்லியிருந்தால் அந்தச் சின்ன மீனுக்கு இது நடந்திருக்காது. திங்கட்கிழமையே சொல்லியிருந்தால் எப்போதோ முடிந்திருக்கும். சில்வண்டு படகின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு, மீன் மறைந்த இடத்தையே பார்த்தாள்.

கால் மணி நேரம்கூட ஆகவில்லை. கயிறு மறுபடி இறுகியது. மாமா இழுத்தார், மூச்சு வாங்கியது, அம்மாவும் வந்து பிடித்தாள். மேலே வந்தது ஒரு கிழட்டுப் பாறைமீன். சில்வண்டின் கை நீளம் இருந்தது. கண்கள் இரண்டும் கண்ணாடிக் குண்டுபோல் வெளியே நின்றன. வாயில் இளஞ்சிவப்புப் பை. வயிறு உப்பி, தொட்டால் வெடித்துவிடும்போல் இருந்தது.

"காத்து மட்டும் இல்லடி, இது சினையா இருக்கு. குட்டி போடுற ஜாதி இது. இவ்வளவு பெருசுன்னா உள்ள பத்து லட்சம் குஞ்சு இருக்கும்" என்றாள் அம்மா. "சீக்கிரம், ஊசி!"

மாமா ஊசியை நீட்டினார். சில்வண்டு அதை வாங்கினாள். வாங்கிக் கடலில் எறிந்தாள்.

"ஏய்!" என்று அம்மா கத்தினாள். "பைத்தியமா உனக்கு?"

"அது வயிறும்மா! காத்துப் பை இல்ல, வயிறு! குத்தினா செத்துடும். எல்லாம் செத்துடுச்சு. அப்பா திறந்து காட்டினாரு, முக்கோண ஓட்டை இருந்துச்சு, நம்ம ஊசிதான். சொல்லச் சொன்னாரு, நான் சொல்லல. நாலு நாளா சொல்லல, அஞ்சு நாளா. இப்பகூட மாமா குத்தினப்போ நான் சும்மா நின்னேன்." அடக்கி வைத்திருந்ததெல்லாம் மூச்சு விடாமல் கொட்டியது.

மாமாவின் கை அப்படியே நின்றது. அவர் பலகையைப் பார்த்தார். அதில் அவர் கீறிய கோடு இன்னும் புதிதாக, வெள்ளையாக இருந்தது.

"நாற்பத்திரண்டுமா?" என்றாள் அம்மா.

சில்வண்டு தலையை ஆட்டினாள்.

அம்மாவின் முகம் இறுகிவிட்டது. அடிப்பாளோ என்று தோன்றியது. அம்மா அடிக்கவில்லை. படகின் தரையில் கிடந்த மீனைப் பார்த்தாள். அதன் செவுள் மெதுவாகத் திறந்து மூடியது. படகைச் சுற்றிக் கடற்காகங்கள் இறங்க ஆரம்பித்துவிட்டன.

"உன்கிட்ட அப்புறம் பேசிக்கறேன்" என்றாள் அம்மா. "இப்ப இதை என்ன பண்ண?"

"கீழ கொண்டுபோய் விடணும். மீன் பெட்டியைத் தலைகீழாக் கவிழ்த்து, ஈயக் குண்டு கட்டி, கயித்துல இறக்கணும். மீன் மிதந்து பெட்டிக்குள்ளேயே நிக்கும். ஆழம் போனதும் மிதக்காது. கீழ்ப்பக்கம் திறந்துதானே இருக்கு, தானா வெளிய போயிடும்."

"எங்க பார்த்தே இதை?"

"குளியலறையில."

வேறு நேரமாக இருந்தால் மாமா இதை வைத்து ஒரு வாரம் ஓட்டியிருப்பார். இப்போது ஓடிப் போய்ப் பெட்டியை எடுத்தார். அடிப்பக்கத் துளைகளில் கயிற்றைக் கோத்து முடிச்சுப் போட்டார். அம்மா விளிம்பில் இரண்டு ஈயக் குண்டுகளைக் கட்டினாள். சில்வண்டு ஈரத்துணியைச் சுற்றி மீனைத் தூக்கினாள். கனத்தது. தண்ணீரில் விட்டு, மேலே பெட்டியைக் கவிழ்த்தார்கள்.

பெட்டி ஒரு பக்கமாகச் சாய்ந்தது. அவசரத்தில் இரண்டு குண்டையும் அம்மா ஒரே பக்கத்தில் கட்டிவிட்டாள். மீன் மறுபக்கமாக நழுவி வெளியே வந்து, வயிற்றைக் காட்டிக்கொண்டு மிதந்து போனது.

முதல் கடற்காகம் நேராக அதன்மேல் இறங்கி முதுகில் கொத்தியது. செதில் பறந்தது.

"போ! போ!" என்று சில்வண்டு அலறினாள். மாமா தலையிலிருந்த தொப்பியைக் கழற்றி வீசினார். அம்மா இயந்திரத்தை முடுக்கி, படகைத் திருப்பி, கைவலையால் மீனை அள்ளினாள். அதன் முதுகில் ரத்தம் கசிந்தது. செவுள் இப்போது ரொம்ப மெதுவாக அசைந்தது.

"இன்னும் ரெண்டு குண்டு! நாலு மூலைக்கும் ஒண்ணு!" என்றாள் சில்வண்டு.

கட்டினார்கள். இந்த முறை பெட்டி நேராக நின்றது. மீன் உள்ளே, பெட்டியின் கூரையில் முட்டிக்கொண்டு மிதந்தது. மாமா கயிற்றை விட்டார். செம்மஞ்சள் நிறம் மங்கி, பழுப்பாகி, ஒன்றும் இல்லாமல் போனது.

"பத்து பாகம்" என்றார் மாமா. "இருபது. முப்பது."

நாற்பதில் கயிறு தளர்ந்தது. பெட்டி தரையைத் தொட்டுவிட்டது. அம்மா மனதுக்குள் நூறுவரை எண்ணினாள், அது அவள் உதட்டில் தெரிந்தது. பிறகு இழுக்கச் சொன்னாள்.

பெட்டி காலியாக வந்தது.

"போயிடுச்சு" என்றார் மாமா.

"அவசரப்படாதே. செத்துதுன்னா மேல வரும்" என்றாள் அம்மா.

இயந்திரத்தை நிறுத்தினாள். தூண்டில் போடாமல் அங்கேயே நின்றார்கள். கடற்காகங்களும் போகவில்லை. தண்ணீரில் உட்கார்ந்து ஆடிக்கொண்டே காத்திருந்தன. ஒவ்வொரு அலையும் சில்வண்டின் கண்ணுக்குச் செம்மஞ்சளாகத் தெரிந்தது. அரை மணி நேரம் போனது. இன்னும் அரை மணி நேரம் போனது. ஒவ்வொன்றாகக் கடற்காகங்கள் எழுந்து பறந்து போயின.

அம்மா, "வா இங்க" என்றாள். சில்வண்டு போனாள். அம்மா அவள் தலையைத் தன் வயிற்றோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டாள்.

"குத்தச் சொன்னது நாங்கம்மா. உன் கையில ஊசியைக் கொடுத்தது நான். ஆனா நீ சொல்லாம இருந்தது தப்பு."

"தெரியும்மா."

"இப்ப மத்தவங்களுக்கும் சொல்லணும். இந்நேரம் ஏழு படகு வெளிய இருக்கு. எல்லாத்துலயும் கம்பி இருக்கு." அம்மா வயர்லெஸ் பெட்டியிலிருந்து பேசும் கருவியைக் கையில் எடுத்தாள். "நான் சொல்லிடறேன்."

சில்வண்டு கையை நீட்டினாள். "டாக்டரம்மான்னு எல்லாரும் என்னைத்தானே கூப்பிட்டாங்க. நான் சொல்றேன்."

பொத்தானை அழுத்தினாள். தன் படகு எது என்று சொன்னாள். வாயில் தொங்குவது இரைப்பை என்று சொன்னாள். நாற்பத்திரண்டு மீன் என்று சொன்னாள். யாரும் இனிமேல் குத்த வேண்டாம் என்றாள். பெட்டியைக் கவிழ்த்து இறக்கியதையும் சொல்லிவிட்டு விரலை எடுத்தாள்.

வயர்லெஸ் உஸ்ஸென்று இரைந்தது. ஏழு படகுகளில் ஏழு பேர் கையில் கம்பியோடு நிற்பது அவளுக்குக் கண்ணால் பார்ப்பதுபோல் தெரிந்தது. சிலர் இருபது வருஷமாகக் குத்தியவர்கள். அவர்களுக்கு எத்தனை கோடு இருக்கும்?

ரொம்ப நேரம் கழித்து ஒரு முரட்டுக் குரல் தொண்டையைச் செருமியது.

"பாப்பா, ஈயக் குண்டு எத்தனை கிலோ? கொஞ்சம் மெதுவாச் சொல்லு. இங்க ஒரு மீன் மிதந்துட்டு இருக்கு."